பே

என் பெயர் மரிய ஆரோக்கிய ஜெனோவா.
மத்ரா ஆஸ்பத்திரி அட்டையில் மரிய ஆரோக்.
பத்தாக்காவில் வெறும் ஜெனோ.
டிக்கெட்டில் ஒருமுறை மரியாரோ.
விமானம் ஏறவிடவில்லை.

ஸ்கேனில் நீ
ஆணா பெண்ணா காட்டாமல்
கால் மடக்கிக் கிடந்த அன்றே
முடிவு செய்துவிட்டேன்.
பே.
இங்கிலீஷில் வளைகுடா.
பையனுக்கும் ஆகும், பெண்ணுக்கும் ஆகும்.
எந்தக் கட்டத்திலும் அடங்கும்.

போனில் நாத்தனார், "பேயா?" என்றாள்.
உன் அப்பா சிரித்தார்:
"தமிழில் எழுதினால் சம்பளமும் இதுதான்டி,
ரெண்டு மாசமா வராதது."

நான் ஜன்னலைக் காட்டினேன்.
மலை இரண்டு கையாய் வளைந்து
ஊர் பேர் கேட்காமல்
ஒரு துருப்பிடித்த கப்பலை
உள்ளே விட்டுக்கொண்டிருந்தது.

டைப்பிங் சென்டர் குஞ்ஞுமோன்
அரபியில் எழுதிக் காட்டினான்:
முதலில் ஒரு குட்டிப் பல்,
அடியில் ஒரு புள்ளி.
வாயில் வருவதற்குள்
தாளில் முளைத்துவிட்டது உனக்கு.

"அச்சன் பேரு? அச்சனோட அச்சன் பேரு?"

பே ரொசாரியோ லூர்து...
கட்டம் தீர்ந்தது.

தாத்தா பாதியில் நிற்கிறார்.
பரவாயில்லை,
நீ முழுசாய் வந்துவிட்டாய்.