ஓஸ்வெத் கணவாய்ப் பதிவேடு

பதிவேட்டில் அதன் பெயர் பின்னிழற்கல்.
தோண்டுகிறவர்கள் உர்வா என்பார்கள்,
அதையும் வாய்க்குள்ளேயே.
பார்த்தால் ஒன்றுமில்லை,
கஞ்சிச் சட்டியின் அடிப்பொருக்குப் போல
சாம்பல் நிறத்தில் ஒரு செதில்.
நகக்கண்ணில் அடங்குகிற அளவு உங்களிடம் இருந்தால் போதும்,
உங்கள் நிழல் ஒரு நாள் பிந்தி வரும்.

அவ்வளவுதான் அதன் மாயம்.
இதற்கா இத்தனை காவல் என்று
சாவடிக்கு வந்த புதிதில் நானும் சிரித்தேன்.
ஆர்ஷன் நகரத்துக் கோமான்கள்
அதைப் பொடித்துத் தேனில் குழைத்து உண்கிறார்கள்.
சாவும் ஒருவிதத்தில் நிழல்தானாம்,
பிறந்த நாள் முதல் காலோடு வருவதாம்,
அதுவும் பிந்தட்டுமே என்று.
போன குளிர்காலத்தில் மூன்று கோமான்கள் இறந்தார்கள்,
குறித்த நேரத்தில்.
அவர்கள் நிழல்கள்தாம்
மறுநாளும் சாப்பாட்டு மேசைக்கு வந்து அமர்ந்தன.
விலை மட்டும் இறங்கவில்லை.

என் வேலை எளிது.
கடப்பவர்களின் காலடியைப் பார்ப்பேன்.
நிழல் இருந்தால் முத்திரை.
இல்லாவிட்டால் மணி.
மணி கேட்டால் கீழே லாயத்தில்
கெர்தோ குதிரைக்குச் சேணம் போடுவான்.
பதினோரு ஆண்டில் நாற்பத்திரண்டு முறை அடித்திருக்கிறேன்.
ஒருமுறை தவறு:
உச்சிப்பொழுது, ஆளும் குட்டை.

நேற்று மூடுபனி.
பனியில் யாருக்குத்தான் நிழல்?
கோவேறு கழுதைக்கு இல்லை, கதவுக் கம்பத்துக்கு இல்லை,
எனக்கே இல்லை.
அப்படிப்பட்ட நாளாகப் பார்த்துத்தான்
இல்வெத் தோர்னா என்று பெயர் சொன்ன ஒருத்தி வந்தாள்,
முதுகில் மூட்டை.
கம்பளி என்றாள்.
தராசு சற்று அதிகமாகவே தாழ்ந்தது.
ஈரக் கம்பளி என்றாள்.
மூட்டை இருமியதுபோல் இருந்தது.
கெர்தோவின் குதிரைகளுக்குச் சளியாக இருக்கும்.
முத்திரை குத்தினேன்.

இன்று வெயில்,
உறைபனியில் பட்டுக் கண்ணைக் குத்துகிற வெயில்.
மூட்டமோ வெளிச்சமோ, கல் தன் கணக்கை விடாது.
அதே நேரத்துக்கு, ஆளில்லாமல்,
அவள் நிழல் ஏறி வந்தது.
தராசருகே நின்றது.
ஈரம் என்று சொன்ன இடத்தில் தலையசைத்தது.
நேற்று நான் எடுத்துக்கொண்ட அதே நேரம்
என் முத்திரைக்குக் காத்திருந்தது.
பிறகு கதவைத் தாண்டி நடந்தது.

விதி பதினாறு:
தனி நிழலைக் கண்டால் உடனே மணியடி.
ஒரு நாள் தூரம்தான் போயிருப்பார்கள்,
குதிரை எட்டிவிடும்.

கயிற்றைப் பிடித்தேன்.
பிடித்தபடியே பார்த்தேன்.

வளைவருகே,
நேற்று பனி மறைத்திருந்த இடத்தில்,
நிழல் குனிந்து மூட்டையை இறக்கியது.
முடிச்சைப் பல்லால் அவிழ்த்தது.
உள்ளிருந்து இன்னொரு நிழல் எழுந்தது,
அவள் இடுப்புக்குக்கூட எட்டாதது.
கைகளை விரித்து
தன்னைத்தானே ஒருமுறை சுற்றியது.

உர்வா ஓடும் பாறைப்பிளவு மூன்று விரல் அகலம்.
அதற்குள் நுழையும் கை யாருடையது என்று எழுத
பதிவேட்டில் இடம் கிடையாது.
நானும் கேட்டதில்லை.
அவள் கல் எதையும் கடத்தவில்லை.
அந்தச் சின்ன மார்புக்கூட்டில் படிந்த தூசியே
சுமந்தவளின் நிழலையும் சேர்த்துப் பிந்த வைத்திருக்கிறது.

சின்ன நிழல் வழுக்கியது.
பெரியது கை நீட்டியது.
இறங்கிப் போயின.

ஏதாவது உண்டா, என்று கீழிருந்து கத்தினான் கெர்தோ.
குதிரைக்குச் சளி எப்படி இருக்கிறது, என்றேன்.
சளியா? எந்தக் குதிரைக்கு?

விரல்கள் விறைத்துக் கயிற்றோடு ஒட்டியிருந்தன,
ஒவ்வொன்றாகப் பிரித்தேன்.
பதிவேட்டைத் திறந்தேன்.
என் தலையின் நிழல்
பக்கத்தின் மேல் கறுப்பாக விழுந்தது.
நேற்றைய வரியில் இருந்தது:
மூடுபனி. நிழல் பார்க்க இயலவில்லை.
இன்றைய தேதியிட்டு
அதற்குக் கீழே எழுதினேன்,
மேற்படி.