உயிர்ச் சான்று

அரசரடி தபால் நிலையம். நவம்பர் மாத வரிசை.
முப்பத்தேழாம் டோக்கன் மாஸ்க்கை இறக்கியதும்
எனக்கு முதுகு சில்லிட்டது.
போன வெள்ளிக்கிழமைதான் இவர்
மாடிப்படியில் உருண்டு செத்தார்.
தட்டில் ரசத்தை ஊற்றிக்கொண்டே
‘நல்லா வேணும் அவளுக்கு’ என்றாள் என் மனைவி.

செத்துவிட்டதால் ஊருக்கு வந்திருக்கிறார்.
ரயில்வேயில் பாயின்ட்ஸ்மேனாக இருந்தவரின் பென்ஷன்
அடுத்த மாதமும் வரவேண்டுமானால்
மனைவி உயிரோடிருப்பதை நிரூபிக்க வேண்டும்.

ஆதாரில் இருளாயி.
திரையில் வேறு பெயர்,
நிலவை வைத்து யாரோ ஒரு தயாரிப்பாளர் சூட்டியது.

பெருவிரலை வைக்கச் சொன்னேன். மெஷின் மறுத்தது.
ஆள்காட்டி விரல். அதையும் மறுத்தது.
‘ரேகையெல்லாம் எங்கம்மா?’
‘முப்பத்தெட்டு வருசம் தம்பி.
பாத்திரம் வெளக்குற பாத்திரமாத்தானே குடுத்தாங்க.
நெசமாவே தேய்க்கச் சொல்லுவாங்க,
அப்பத்தான் சத்தம் வரும்னு.’

மேலூரிலிருந்து வந்திருந்த
ரிட்டயர்டு கண்டக்டருக்குப் பொறுக்கவில்லை.
‘ஏத்தா, அந்தப் பிள்ள பால்ல எதுக்கு வெசம் வச்ச?’
‘வெசம் இல்லண்ணே, பாதாம் பவுடர்.
நல்லாருக்குன்னு ரெண்டாவது டம்ளரும்
கேட்டு வாங்கிக் குடிச்சா.’
யாரோ சிரித்தார்கள். கண்டக்டர் சிரிக்கவில்லை.

எனக்கு வேறொன்று நினைவிருந்தது.
பத்தாம் வகுப்பில் கட் அடித்துப் பார்த்த பகல் காட்சி.
வைகை வெள்ளத்தோடு போகும் பெண்ணாகப்
பன்னிரண்டே நிமிடம் வந்தார்.
இடைவேளைக்குப் பிறகு படம் எனக்குப் புரியவேயில்லை.
அப்புறம் காமெடியனை விளக்குமாற்றால் அடிக்கும் கொழுந்தியா,
தன்னைவிட ரெண்டு வயது மூத்த நாயகனுக்கு அம்மா,
ஒரே ஒரு முறை நீதிபதி, வசனம் கிடையாது.
சொல்லியிருக்கலாம்.
பின்னால் நாற்பது பேர் நின்றார்கள்.

முகத்தை வைத்தும் சான்று எடுக்க வழியிருக்கிறது.
போனை உயர்த்திப் பிடித்தேன்.
கண்ணைச் சிமிட்டச் சொன்னது அது.
அவர் சிமிட்டவில்லை.
கண் திறந்தபடி சாகும் காட்சிகளில்,
விளக்குச் சூட்டில், மூக்கின் மேல் ஈ உட்கார,
‘கட்’ வரும்வரை கிடந்து பழகிய கண்.

‘எந்த மாதிரி சிமிட்டணும்?’
‘சும்மா, சாதாரணமாம்மா.’
‘அப்படி யாரும் கேட்டதே இல்லையே.’

முந்தானையை ஒருமுறை சரிசெய்துகொண்டார்.
மேலே ஃபேன் கறகறத்தது. கண்டக்டர் இருமலை அடக்கினார்.
சிமிட்டினார்.
பச்சை வட்டம் வந்தது.

பெருமூச்சோடு போனை இறக்கினேன்.
அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.
‘சரியா வந்துச்சா தம்பி,
இன்னொண்ணு போயிரலாமா?’