அண்

போர்வெனிர் என்றால் எதிர்காலம்.
அப்படிப் பெயர் வைத்த ஊரில்
மரங்கள் காற்றுக்கு முதுகு காட்டியே வளர்கின்றன.

எலியேசர் மன்சீயா
பத்தொன்பது வருடம் ராஜநண்டு பிடித்தவன்.
வியாழன் இரவு ஒரே ஒரு காலை உடைத்து உறிஞ்சினான்.
உதடு தடித்தது. நாக்கு தடித்தது.
மூச்சு, ஊசிக் காதில் நுழையாத நூலாய்
முனை பிரிந்து நின்றது.
"நண்டா? எனக்கா?"
சிரிக்கப் பார்த்தான், முடியவில்லை.

டாக்டர் ஹால்வர்சன் டுலூத்திலிருந்து வந்து
அது மூன்றாம் இரவு.
"எபிநெஃப்ரின்!" என்றாள்,
சொல்லிக்கொண்டே தானே ஓடினாள்.
மருந்து அலமாரி எழுத்து வரிசையில்.
ஐந்தாம் எழுத்தின் தட்டில் அவள் தேடியது இல்லை.
எஃபிட்ரின் இருந்தது.
அவசரத்துக்குப் பாதிப் பெயர் போதும்;
விரல் அதைத் தொட்டுவிட்டது.

நர்ஸ் சோர்க்கா கர்லோவிச்
மணிக்கட்டைப் பிடித்தாள்.
மேல் தட்டு, முதல் எழுத்து, ஒரு குப்பி:
அட்ரினலினா.
"எஸ் லோ மிஸ்மோ." இதுவும் அதுதான்.

அந்த அரை நொடியை நான் அளந்து பார்த்திருக்கிறேன்.
தனக்குத் தெரியாத பெயரின் மேல் அல்ல,
தன் கையைப் பிடித்த கையின் மேல்
ஒருத்தி நம்பிக்கை வைக்க எடுத்த நேரம் அது.

சோர்க்கா குப்பியை விளக்கில் காட்டினாள்.
பழசானால் இளஞ்சிவப்பாகும் மருந்து.
(கேட்டகாலமீன் என்ற குலப்பெயரின் முன்பாதி
காசுக்கட்டியிலிருந்து வந்தது.
வெற்றிலை போட்ட வாய்க்குத் தெரிந்த உறவு.)
தண்ணீர் போலத் தெளிவாய் இருந்தது.
அரை மில்லிகிராம். தொடைச் சதை. பேன்ட்டின் மேலேயே.

பிறகு காத்திருப்பு.

ஒரு பொருளுக்கு எதற்கு இரண்டு பெயர்?
லத்தீன்காரன் சொன்னான்: சிறுநீரகத்தின் அருகே.
கிரேக்கத்தில் சொன்னார்கள்: சிறுநீரகத்தின் மேலே.
அமெரிக்காவில் ஒரு கம்பெனி முதல் பெயருக்கு வேலி போட்டதால்
அந்த ஊர் டாக்டர்கள் இரண்டாவதை எடுத்துக்கொண்டார்கள்.
வேதியியல்காரர்களிடம் மூன்றாவது ஒன்று உண்டு:
எண்ணும் கோடும் அடைப்புக்குறியுமாக
ஒரு முழ நீளம்.
பென்சீன் வளையம், அதில் அடுத்தடுத்து இரண்டு ஹைட்ராக்சில்,
வால் நுனியில் ஒரு மெத்தில் என்று
வீட்டுக்கு வழி சொல்வதுபோல் இருக்கும்.
மூச்சு நிற்கிறவன் பக்கத்தில் நின்று
யாரும் அதை வாசிப்பதில்லை.
அந்த மெத்திலை மட்டும் கழற்றினால்
முன்னால் ஒரு 'நார்' ஒட்டிக்கொள்ளும்,
குப்பி வேறு, வேலை வேறு.
இரண்டும் அதே அலமாரியில், அதே நிற மூடியோடு.

நம்மிலும் யாரோ ஒருவர் உட்கார்ந்து யோசித்து
அண்ணீரகம் என்று எழுதிவிட்டுப் போயிருக்கிறார்.
அண்மை என்றால் அருகு.
அண்ணாந்தால் மேலே.
இரண்டு மொழிகள் பிரித்துக்கொண்டதை
ஓர் அசை சேர்த்துப் பிடித்திருக்கிறது.
அவருக்கு அது தெரிந்துதானா,
இல்லை நாக்கு தானாகப் போன வழியா?
அண்ணத்தில் நாக்கை ஒட்டித்தான்
அதைச் சொல்லவும் முடிகிறது.

நான்காம் நிமிடம் எலியேசர் இருமினான்.
ஏழாம் நிமிடம் கெட்ட வார்த்தை பேசினான்.
ஹால்வர்சன் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.
அவன் கை நடுங்கியது, அவள் கையும்.
அவனுக்கு ஊசியில் போனது;
அவளுக்கு யாரும் போடவில்லை.

"என்ன மருந்து?" என்றான்.
சோர்க்கா சொன்னாள்.
"புயலில் கயிறு அறுந்தால் வருமே, அதுவா?
அது என்னிடமே நிறைய இருக்குமே."
"இருந்தது. போதவில்லை."

விடிந்ததும் சோர்க்கா
பிளாஸ்டர் நாடாவில் ஒரு துண்டு கிழித்து
ஐந்தாம் எழுத்தின் தட்டில் ஒட்டினாள்:
எபிநெஃப்ரின், மேலே பார்.
எழுத்து கொஞ்சம் கோணல்.
நாடாவின் ஒரு முனை
இப்போதே எழும்பத் தொடங்கியிருக்கிறது.