ஒரே ஸ்லாட்

ஒத்தக்கடை எடைமேடையில்
ராத்திரி ஷிஃப்ட் எனக்கு.
டவுன்ஹால் ரோட்டில் தொள்ளாயிரத்துக்கு வாங்கிய போன்.
ஐந்நூற்றுப் பன்னிரண்டு எம்பி ரேம்,
வெடித்த கண்ணாடி மேல் செல்லோடேப்.
எமுலேட்டரெல்லாம் இதில் ஓடாது என்றான் விற்ற ஜமால்.
ஓடும்.
பேரம் பேசத் தெரிந்தால் ஓடும்.

சத்தத்தை நிறுத்தினால் கொஞ்சம் வேகம் கொடுக்கும்.
மூன்று ஃப்ரேமுக்கு ஒன்று காட்டு போதும் என்றால்
இன்னும் கொஞ்சம்.
மேகத்தை எடுத்துக்கொள் என்றேன், எடுத்துக்கொண்டது.
பின்னணியை அணைத்தேன், மலை போனது.
மலையில்லாத கறுப்பில்
என் குட்டை வீரன் ஊமையாக ஓடுகிறான்.
போகட்டும்,
ஜன்னலுக்கு வெளியே யானைமலை படுத்துத்தான் இருக்கிறது.

ஆறாவது கட்டத்தில் ஒரு பள்ளம்.
போன வாரம், தாவும் நேரம் பார்த்து
மேலூர்க் கல் லாரி ஹாரன் அடித்தது.
பதறிய கட்டைவிரல் சேவ் மேல் விழுந்தது.
இலவசத்தில் கிடைப்பது ஒரே ஸ்லாட்.
அன்றிலிருந்து எப்போது திறந்தாலும்
அவன் பாதி விழுந்திருக்கிறான்.

லோடு. செத்தான்.
லோடு. செத்தான்.
"லோடு" என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன் ஒருநாள்.
"கருங்கல்லு, இருபத்தாறு டன்னு" என்றார்
ஜன்னலில் மொக்கைச்சாமி அண்ணன்.
விஷயம் தெரிந்தபின் தினம் கேட்பார்:
"இன்னுமா விழுந்துக்கிட்டிருக்கான்?"

நேற்று இரண்டு மணிக்குக் கரண்ட் போனது.
தராசுக்கு மட்டும்தான் பேட்டரி, ஃபேனுக்கு இல்லை.
சித்திரைப் புழுக்கம்.
உள்ளங்கையில் போன் கொதிக்கக் கொதிக்க
ஆட்டம் இழுத்தது.
அவனும் இழுபட்டு இழுபட்டு விழுந்தான்,
வேப்பம்பூ உதிர்கிற மாதிரி.
அப்போதுதான் பார்த்தேன்,
இடப்பக்கப் பாறையில் ஒரு விரற்கடை விளிம்பு.
இத்தனை நாள்
நான் தின்றுவிட்ட இரண்டு ஃப்ரேமுக்குள்
அது இருந்திருக்கிறது.
ஃப்ரேம் மூன்றையும் திருப்பிக் கொடுத்தேன்.
இன்னும் இழுத்தது.
லோடு.
இடது. இடது. குதி.

நின்றான்.

ஜமால் காட்டிய புதுப் போனில்
இதற்கு நேரமே இருந்திருக்காது.

மேடையில் லாரி ஏறி நின்றது கூடத் தெரியவில்லை.
சிவப்பு எண்கள் நாற்பதாயிரத்துக்கு மேலே கீழே
ஆடிக்கொண்டிருந்தன.
சார்ஜ் மூணு சதவீதம்.
நான் சீட்டுப் புத்தகத்தை எடுத்தேன்.
ஜன்னல் வழியே தலையை நுழைத்து
திரையைப் பார்த்தார் மொக்கைச்சாமி அண்ணன்.

"சீட்டு கெடக்கட்டும் தாயி,
மொதல்ல அவனைச் சேவ் பண்ணு."