பதினெட்டாவது பெயர்

குலசேகரத்தில் ஞாயிறு பகல்காட்சிக்கு
பால்வெட்டு முடித்து வருவார்கள்,
விரலிடுக்கில் ஒட்டுப்பாலை உரித்தபடி.
இங்கிலீஷ் படம். சண்டைக்காகத்தான்.
எனக்கு மட்டும்
ஆப்பரேட்டர் அறையின் சதுர ஓட்டை வழியே
ஒரு ஆளைத் தெரியும்.

முதல் படத்தில் யாருடைய கோட்டையோ வாங்கி மாட்டினார்.
அப்புறம் போலீஸ். பாதிரி.
கப்பல் முங்கையில் ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்றவர்.
இரண்டு தடவை ஜெர்மன்காரன் சுட்டான்,
ஒரு தடவை ஜெர்மன்காரனாகவே சுடப்பட்டார்.
பதினோரு படத்தில் ஆறேழு வார்த்தை.
"கார் வந்தாச்சு" என்பதாக இருக்கும்,
எனக்கு அந்தப் பாஷை தெரியாது.
முடி கொட்டிற்று.
கடைசியில் ஒரு கைத்தடி;
அது நடிப்பில்லை.

ஒருமுறை ரீல் அறுந்து ஒட்டினேன்.
ஒட்டில் போனது
அவர் திரும்பிப் பார்த்த நாலு விரற்கடை.
சட்டைப்பையில் கண்டெடுத்து
எஸ்தர்பாய் கேட்டாள்:
"ஆரு இது, சொந்தமா?"

பெயர்கள் ஓடுமுன் விளக்கைப் போட வேண்டும்,
முதலாளி உத்தரவு.
அன்று போடவில்லை.
"எளவு, லைட்டப் போடும் ஓய்!"
இருட்டில் செருப்புத் தேடினார்கள்.
எழுத்துக்கூட்டிக்கொண்டிருந்தேன்.
பதினெட்டாவதாக ஏறிப் போயிற்று
ஆர்தர் பிளெங்கின்,
பதினோரு படத்திலும் மிஞ்சிய ஒரே பெயர்.

அவர்தானா என்று இன்றும் தெரியாது.
லைட்டைப் போட்டேன்.