குத்தாத நெல்

கவ்ஸ் துறையில் இன்று கரோலினாக் கப்பல்.
பீப்பாய்களை உருட்டி இறக்குகிறோம்.
வரி கட்டி, சலித்து, மறுபடி அடைத்தால்
ஹாம்பர்க் போகும் அரிசி.

நான் போன வருடமே வந்துவிட்டேன், பைனா.
கடனுக்கு ஈடாக உன் அண்ணனை
இந்த வணிகனிடம் விட்டுப் போனான் எஜமான்.
கணக்கேட்டில் அரிசிக்கு அடுத்த வரி நான் என்று
குமாஸ்தா சொல்லிச் சிரித்தான்.
அரிசிக்குத் தரம் உண்டு.
எனக்கு விலை மட்டும்.

சலிக்கிற பெண்களில் ஒருத்தி, டாம்சின் அர்ரி,
மூடி பெயர்த்துக் கைவிட்டாள்.
மேலே ஒரு சாண் வெள்ளை.
அதற்குக் கீழே நெல்.
உமி கழலாத, மூக்கு முறியாத
முழு நெல்.

"என்ன புல் இது?" என்றாள்.
பதினாறு வருடமாக அரிசி சலிக்கிறவள்
நெல்லைப் பார்த்ததில்லை.

அடுத்த பீப்பாயும் அப்படி.
வணிகன் தொப்பியைக் கழற்றி வீசினான்.
சோம்பேறிகள், திருடர்கள் என்று
கடலுக்கு அந்தப் பக்கம் கேட்கக் கத்தினான்.
நான் எண்ணிக்கொண்டிருந்தேன்.
மூன்று.
நான்கு.
குத்துக்கொட்டகையில் நீங்கள் எத்தனை பேர் என்று
அவனுக்கு எப்படித் தெரியும்?

விடியலுக்கு முன் நீ சொன்னாயே,
உலக்கையைக் கைமாற்றிப் பிடித்தபடி:
"நமக்கு எழுதத் தெரியாது.
போகிற வாரம் குத்த மாட்டோம்.
ஆளுக்கொரு பீப்பாய், மேலே மட்டும் வெள்ளை.
குத்தாததுதான் சேதி."
பிடிபட்டால்? என்றேன்.
உரலில் தலையைக் கொடுத்தாயிற்று,
இனி உலக்கையிடம் என்ன பேச்சு என்று சிரித்தாய்.
உள்ளங்கைக் காய்ப்பு
விளக்கில் மினுங்கியது.

ஐந்தாவது.
அடியில் ஒரு பிடி சதுப்பு மண்,
காய்ந்து, சிப்பித் தூளோடு.
எந்தப் பக்கம் போனீர்கள் என்பதும் தெரிந்தது.

குழந்தையையும் தூக்கிப் போனாயா?
அதைச் சொல்லும் பீப்பாய் எதுவும் வரவில்லை.
கப்பல் காலியாகும் வரை பார்த்தேன்.

டாம்சின் என் முகத்தைப் பார்த்தாள்.
வேண்டுமென்றா, கை தவறியா, தெரியாது,
சல்லடை கவிழ்ந்தது.
கல் தளமெங்கும் நெல் சிதற,
வணிகன் அவளைத் திட்டத் திரும்பினான்.
அவ்வளவு நேரம் போதும் ஒரு மனிதனுக்கு,
கயிற்றுக் குவியலைச் சுற்றிப் போக.

நியூபோர்ட் பக்கம் ஆற்றோரமாக நடக்கிறேன்.
மழை. எதிரில் ஒரு பால் வண்டி;
வண்டிக்காரன் தலையை ஆட்டினான், நானும் ஆட்டினேன்.
கால்சட்டைப் பையில் உன் நெல், இரண்டு பிடி.
அதன் சுணை தொடையில் அரிக்கிறது.
சொறியாமல் நடக்கிறேன்.