மூன்றாம் கேமரா

பன்னிரண்டு நிமிடப் படம். சத்தம் கிடையாது.
வாட்ச்மேன் திம்மராயன் போனில் வைத்திருந்தான்.
இரவு ஷிப்டு, ஒன்றரை மணி டீ,
மாங்கூழ் ஃபேக்டரிச் சுவரோரம்
உள்ளங்கை வெளிச்சத்தில் ஏழு தலைகள்.

ஏணியைத் தோளில் சுமந்தவன் திரும்புகிறான்.
ஏணியின் வால் ஒரு போலீசை அறைகிறது.
மன்னிப்புக் கேட்கத் திரும்புகிறான்,
அதன் தலை இன்னொரு போலீசை.
பச்சியம்மாவுக்குப் புரையேறிவிட்டது.
நடுநடுவே இங்கிலீஷில் ஒரு பலகை வரும்.
"என்னடி போட்டிருக்கான்?" என்பாள் மாதம்மா.
எனக்கு மட்டும் தெரியுமா?
"வலிக்கலைன்னு சொல்றான்."
எல்லாப் பலகைக்கும் அதையே சொன்னேன்.
பொருந்தியது.

எடுத்து நூறு வருஷமாம்.
விழுந்தவன் இல்லை, துரத்தியவன் இல்லை,
குறுக்கே ஓடிய நாயும் இல்லை.
பழத்தோல் மட்டும்
இன்னும் வழுக்கிக்கொண்டிருக்கிறது.

ஆனி மாதக் கிருஷ்ணகிரியில்
வாழைத்தோலுக்கு என்ன வேலை?
லாரி லாரியாய் பெங்களூரா இறங்குகிறது.
கணுக்கால்வரை மாந்தோல்.

சூப்பர்வைசர் முனிரத்தினம் நடந்தால்
சட்டைப்பையில் பேனாகூட ஆடாது.
ஐந்து நிமிஷத் தாமதத்துக்கு
அரைநாள் கூலியைப் பிடிப்பவர்.
வியாழன் இரவு, மூணே கால்,
பெல்ட்டுக்கும் தொட்டிக்கும் நடுவே
அவர் கால் முன்னால் போனது.
மீதியெல்லாம் பிறகு வந்தது.
பேரேடு மேலே, தொப்பி பக்கவாட்டில்.
கூழ் வாளியைப் பிடித்தார்.
வாளி அவரைப் பிடித்துக்கொண்டது.

நாற்பது பேர். ஒருத்தியும் சிரிக்கவில்லை.
கத்தி, பழம். கத்தி, பழம்.
மாதம்மா கோட்டு நுனியைக் கடித்துக்கொண்டாள்.
எழுந்தார். கண்ணிரண்டை மட்டும் வழித்தார்.
தொப்பியைத் தேடி எடுத்து, தட்டி, தலையில் வைத்து,
ஒன்றுமே நடக்காதவராய் நேரே நடந்தார்.
யார் சொல்லிக்கொடுத்தது அவருக்கு?

விடியுமுன் வாட்ச்மேன் அறைக்குப் போனாராம்.
"மூணாம் கேமராவ அழி."
"எதுன்னு பாத்துத்தான சார் அழிக்கணும்?"
கறுப்பு வெள்ளை. சத்தமில்லை. கொஞ்சம் வெட்டி வெட்டி.
விழுந்தார்.
"பின்னால போ."
விழுந்தார்.
மூன்றாம் தடவை
வாளி வருவதற்கு முன்பே
அவர் தோள் குலுங்கியதாம்.

அழிச்சியா என்று கேட்டோம்.
திம்மராயன் போனைக் கவிழ்த்துவிட்டு
டீயை ஊதினான்.

சனிக்கிழமை கூலி.
தோல் வாருகிற எங்கள் ஏழு பேருக்கும்
ஐம்பது ரூபாய் குறைவு.
சீட்டில் ஒரு வரி, இங்கிலீஷில்.
"என்னடி போட்டிருக்கான்?"
மாதம்மா நீட்டினாள்.
வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன்.
"வலிக்கலைன்னு."